ஆடச் சொன்னேன், ஆடினார்கள்!

பாண்டிச்சேரியைப் பிரெஞ்சுக்காரன் ஆண்டுகொண்டிருந்த காலம். பாகூர் ஏரிக்குக் கீழே நடவு சமயம். ஊர் ஊராகப் போய், ஜனங்கள் எப்படி இருக்கிறார்களோ அப்படியே சினிமா கேமராவில் பிடித்து வருவது என் உத்தியோகம். புது உத்தியோகம். யாரையும் 'இப்படிச் செய், அப்படிச் செய்' என்று ஏவமாட்டேன் என்று ஒரு வீம்பு வேறு எனக்கு.

வீம்புதான் மிச்சம்! வில்லியனூரிலும் மணப்பட்டிலும் கேமராவைக் கண்டதும் ஜனங்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டு விறைத்து நின்றுவிட்டார்கள். அவர்கள் அறிந்தது போட்டோ ஒன்றுதான். அதில் அசைந்தால் முகம் அழிந்துபோகும். கையில் மிஞ்சியது ஒரே ஒரு பிலிம் சுருள். அதையும் வீணாக்கினால் வேலை இல்லை என்று பட்டணத்து முதலாளி கடிதம் போட்டிருந்தார்.

பாகூரிலும் அதே கூத்து. நடவுக்கு வந்த ஒன்பது பெண்களும் பெட்டியிலிருந்த நல்ல புடவையைக் கட்டி, பூ வைத்து, வரப்பில் வரிசையாக நின்றார்கள். கண்கூட இமைக்கவில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வீம்பை மூட்டை கட்டிவிட்டு, "ஆடாம நிக்காதீங்கம்மா, ஆடுங்க! நல்லா ஆடுங்க!" என்று கத்தி, கேமராவை ஓடவிட்டேன்.

அசையச் சொன்னேன் நான். அவர்களுக்குக் கேட்டது வேறு.

"இன்னாடி, ஆடச் சொல்றாரு!" என்றாள் முன்னால் நின்றவள். அவ்வளவுதான். எல்லாரும் பக்கத்து மேட்டில் ஏறி, வட்டம் கட்டிக் கும்மியடிக்க ஆரம்பித்துவிட்டார்கள்!

ஐயோ, பாதிச் சுருள் போச்சு! நிறுத்தச் சொல்லி வரப்பில் ஓடினேன். கால் வழுக்கியது. கேமராவைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்தபடி சேற்றில் தொப்பென்று உட்கார்ந்தேன். அப்போது எழுந்ததே ஒரு சிரிப்பு! ஒருத்தி மேல் ஒருத்தி சாய்ந்து சிரித்தார்கள். எனக்கும் அடக்க முடியவில்லை. அந்த முன்னால் நின்றவள்தான் கை கொடுத்துத் தூக்கிவிட்டு, "நாத்து வாடுது, எறங்குங்கடி" என்றாள். நல்ல புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு அத்தனை பேரும் இறங்கினார்கள். என்னைப் பார்ப்பதும் சிரிப்பதுமாக நட்டார்கள். கொஞ்ச நேரத்தில் நான் ஒருவன் இருப்பதே அவர்களுக்கு மறந்துபோயிற்று. அப்போதுதான் மிச்சச் சுருளை, வாயைத் திறக்காமல், ஓடவிட்டேன்.

படத்தைப் பார்த்த முதலாளி, இவ்வளவு சந்தோஷமாக நாற்று நட எப்படிச் சொல்லிக்கொடுத்தாய் என்று கேட்டார். என் வேலை தப்பியது. அதற்கப்புறம் எத்தனையோ தேசம் சுற்றிவிட்டேன். எங்கே போனாலும், ஊர் என்னைப் பார்த்து ஒரு பாடு சிரித்து முடிக்கட்டும் என்று காத்திருந்துதான் இன்றுவரை கேமராவை ஓடவிடுகிறேன்.