தவிட்டுக்கு வாங்கிய சாமுவேல்

மார்கழி மாதத்து ஞாயிற்றுக்கிழமை. காலை ஏழே முக்காலுக்குப் பாகூரில் பேருந்து ஏறினேன். வில்லியனூருக்குப் பதினாறு கிலோமீட்டர் இருக்கும். கட்டணம் இருபது ரூபாய். புதுச்சேரி நகரத்துக்குள் நுழையாமல் கரிக்கலாம்பாக்கம், மங்கலம் வழியாகக் குறுக்கே போகிற வண்டி இது. கடற்கரைக்கும் வெள்ளைக்காரத் தெருக்களுக்கும் வந்து போகிறவர்கள் இந்தச் சாலையைப் பார்த்திருக்க மாட்டார்கள். இரண்டு பக்கமும் நெல், அதைத் தாண்டினால் கரும்பு. கரும்பு பூத்திருந்தது. பனியில் அந்தப் பூக்கள் வெள்ளையாக நின்றன.

என்னிடம் பெரிய மூட்டை எதுவும் இல்லை. குழந்தைக்கு ஒரு கொலுசு, எனக்கு ஒரு தண்ணீர் பாட்டில். நான் உண்மையில் சுமந்துகொண்டு போனது ஒரு பெயரை. சாமுவேல் என்கிற பெயர் எங்கே பிறந்தது, அதற்கு என்ன பொருள் என்று படித்துத் தெரிந்துகொண்டு வரும்படி என் தோழி ஸ்டெல்லா கேட்டிருந்தாள். நாங்கள் கல்லூரியில் மூன்று வருடம் ஒரே பெஞ்சு. இப்போது நான் மதகடிப்பட்டில் ஒரு பள்ளியில் வரலாறு சொல்லிக்கொடுக்கிறேன். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்துக்குள் போன முதல் ஆள் நான்தான். அந்தப் பெருமையை நான் மறைப்பதில்லை. ஒரு வீட்டில் சிக்கல் என்றால் என்னைக் கூப்பிடுகிறார்கள் என்பதே எனக்குச் சந்தோஷமாக இருந்தது.

சிக்கல் இதுதான். ஸ்டெல்லாவுக்கு முதல் இரண்டு குழந்தைகளும் தங்கவில்லை. மூன்றாவது வயிற்றில் இருக்கும்போது வில்லியனூர் மாதா கோயிலுக்குப் போய், இது பிழைத்தால் சாமுவேல் என்று பெயர் வைப்பதாக நேர்ந்துகொண்டாள். பிழைத்துவிட்டான். நான் போன அன்று மாலை நான்கு மணிக்கு அவனுக்கு ஞானஸ்நானம். ஆனால் அவளுடைய மாமனார் அந்தப் பெயர் கூடாது என்று சொல்லிவிட்டார். ஏன் என்று கேட்டால் சொல்லவும் மாட்டாராம்.

பேருந்தில் என் பக்கத்தில் கீரைக்கட்டுகளோடு ஒரு அம்மா உட்கார்ந்திருந்தார்.

"எங்கம்மா, காலையிலயே கெளம்பிட்ட?"

"ஒரு குழந்தைக்குப் பேர் வைக்கிறாங்க."

"இன்னா பேரு?"

"சாமுவேல்."

"வேலுன்னு முடியுது. முருகன் பேருதான?"

அது முருகன் பெயர் இல்லை, எபிரேயம் என்கிற பழைய மொழியின் பெயர் என்று விளக்கினேன். கடைசியில் வருகிற 'எல்' என்பதற்கு அந்த மொழியில் கடவுள் என்று பொருள். மிக்கேல், கபிரியேல், தனியேல் எல்லாவற்றிலும் வருவது அதே எல்தான். கீரைக்கார அம்மா பொறுமையாகக் கேட்டார்.

"சாமிதான? அப்ப நான் சொன்னது சரியாதான் இருக்கு," என்று சொல்லிவிட்டு மங்கலத்தில் இறங்கிப் போனார்.

அவர் இறங்கிய பிறகு அதையே நினைத்துக்கொண்டிருந்தேன். டீக்கடை வாசலில் "டேய் மிக்கேலு, ஒரு பன்னு எடு" என்று நம் ஊரில் எத்தனை முறை கேட்டிருக்கிறேன். ஆடு மேய்த்துக்கொண்டு மலையிலும் பாலையிலும் திரிந்த மக்கள் தங்கள் கடவுளைக் கூப்பிட்ட சொல் அது. அவர்கள் இருந்த திசையைக்கூட நமக்குக் கைகாட்டத் தெரியாது. அந்தச் சொல் மட்டும் எத்தனையோ அரசுகள் அழிந்ததைத் தாண்டி வந்து, பன் எடுக்கிற ஒருவனைக் கூப்பிடப் பயன்படுகிறது.

சங்கராபரணிப் பாலத்தில் வண்டி மெதுவாகப் போனது. மழை நன்றாகப் பெய்த வருடம் என்பதால் ஆற்றில் தண்ணீர் இருந்தது. எட்டரைக்கு வில்லியனூர். சிவன் கோயில் கோபுரத்துக்கு எதிரே இட்லி சாப்பிட்டுவிட்டு, ஷேர் ஆட்டோவில் பதினைந்து ரூபாய் கொடுத்து ஸ்டெல்லாவின் ஊருக்குப் போனேன். ஊர்ப் பெயரை எழுத வேண்டாம் என்று அவள் கேட்டுக்கொண்டாள். பத்துத் தெருக்கள் கொண்ட ஒரு கிறிஸ்தவ ஊர். ஒரே கோயிலைச் சேர்ந்தவர்கள் என்பதால் ஊரையே பங்கு என்பார்கள். எல்லா வீட்டு வாசலிலும் காகித நட்சத்திரம் தொங்கியது. மாட்டுக்கொட்டகையில்கூட ஒன்று கட்டியிருந்தார்கள்.

ஸ்டெல்லா வாசலிலேயே பிடித்துக்கொண்டாள். "படிச்சிட்டு வந்தியாடி? விட்றாத அவர. நீ பேசினா கேப்பாரு."

அவள் மாமனார் பெயர் சந்தியாகு. இரண்டு காணி நிலம் வைத்து நெல் போடுகிறவர். நாற்காலியில் உட்கார்ந்து நகம் வெட்டிக்கொண்டிருந்தார். பேரன் பக்கத்தில் பாயில் கிடந்து தன் கையையே பார்த்துக்கொண்டிருந்தான். ஸ்டெல்லாவின் கணவர் அந்தோணி, நடுவில் மாட்டிக்கொள்ள விரும்பாமல் பந்தலுக்குக் கயிறு கட்டப் போய்விட்டார்.

நான் அவருடைய பெயரிலிருந்தே தொடங்கினேன். "ஐயா, உங்க பேரே எபிரேயப் பேருதான். முதல்ல யாக்கோபு. ஸ்பெயின் பக்கம் போனப்ப இயாகு ஆச்சு. முன்னாடி புனிதர்னு சேர்த்துச் சாந்த் இயாகுன்னாங்க. கப்பல்ல இங்க வந்து சந்தியாகு ஆச்சு."

அவர் நகம் வெட்டுவதை நிறுத்தினார். "எம்பேரு கப்பல்ல வந்துதா?"

"ஆமாம்."

"நான் கடலூரைத் தாண்டினதில்ல," என்றார். சிரித்துவிட்டார். எனக்குத் தைரியம் வந்தது.

சாமுவேல் என்பதற்குப் படித்தவர்களே ஒரே பொருள் சொல்வதில்லை. கடவுளின் பெயர் என்கிறார்கள் சிலர். கடவுள் கேட்டருளினார் என்கிறார்கள் சிலர். பைபிள் கதையில் சாமுவேலைப் பெற்ற தாயே வேறொன்று சொல்கிறாள்: ஆண்டவரிடம் கேட்டு வாங்கிய பிள்ளை. சொல்லைப் பிரித்துப் பார்க்கிற அறிஞர்களுக்கு அவள் சொன்ன பொருள் பொருந்தவில்லை. எனக்கு அவள் சொன்னதுதான் பிடித்திருந்தது. பிள்ளை இல்லாமல் ஏளனம் கேட்டு அழுத ஒருத்தி தன் பிள்ளைக்குச் சொன்ன பொருளை யார் திருத்துவது? இதையெல்லாம் நான் நன்றாகவே சொன்னேன். கதவருகில் நின்ற ஸ்டெல்லாவின் முகம் மலர்ந்தது.

சந்தியாகு கேட்டார்: "கேட்டு வாங்குனாங்க, சரி. வாங்கினப்புறம் அந்தம்மா புள்ளைய இன்னா பண்ணாங்க?"

நான் பதில் சொல்ல வேண்டியிருந்தது. "பால் மறந்ததும் கோயில்ல விட்டுட்டாங்க. அங்கயே வளர்ந்தான்."

"அதான்."

நான் படித்ததெல்லாம் போய் அவர் பக்கம் நின்றுகொண்டது.

"எங்க அண்ணன் நேர்ந்துகினு பொறந்தவன்தான்," என்றார். "மடத்துக்குப் போனான். வடக்க எங்கியோ சாமியாரா இருந்து அங்கியே அடக்கம். எங்கம்மா கடசி வரைக்கும் அவன் மொகத்தப் பாக்கல. இந்தப் பேர வச்சா இவனும் கோயிலுக்குச் சேர்ந்தவன். ஒரு வூட்டுக்கு ஒரு ஆளு குடுத்தாச்சு. எனக்கு இருக்கிறது ஒரே புள்ள, ஒரே பேரன்."

"பேர் வச்சதுக்கெல்லாம் யாரும் சாமியாராக வேணாம்னு ஃபாதரே சொல்லிட்டாரு மாமா," என்றாள் ஸ்டெல்லா.

"அவரு அப்படித்தான் சொல்லுவாரு. பெருசானதும் ஆள் பத்தலன்னு வந்து நிப்பாரு."

"வைக்கலன்னா மாதாகிட்ட சொன்ன சொல்லு இன்னா ஆகும்? ரெண்டு போச்சு. இதுவும்..." அவள் முடிக்கவில்லை. உள்ளே போய்விட்டாள்.

இரண்டு பேருமே அந்தக் குழந்தை போய்விடுவான் என்றுதான் பயந்தார்கள். அவளுக்குப் பெயர் வைக்காவிட்டால் போய்விடுவான். அவருக்குப் பெயர் வைத்தால் போய்விடுவான். இதற்கு எந்த நூலகத்திலும் நான் எதையும் படித்திருக்கவில்லை. அதனால் எங்கள் வீட்டுக் கதையைச் சொன்னேன்.

என் அப்பா பெயர் தவுடன். அவருக்கு முன்னால் பிறந்தவை எல்லாம் இறந்துவிட்டதால், அவரைப் பிறந்ததுமே வேறு தெருக் குடும்பம் ஒன்றுக்கு விற்றுவிட்டார்கள். அவர்கள் ஒரு முறம் தவிடு கொடுத்து வாங்கி, பிறகு வளர்க்கச் சொல்லித் திருப்பிக் கொடுத்தார்கள். பெற்றவர்களின் பிள்ளை இல்லை என்று ஆகிவிட்டால் எமனுக்கு வேலை இல்லை என்று நம்பிக்கை. அப்பாவுக்கு இப்போது அறுபதுக்கு மேல் ஆகிறது. கரும்பு வெட்டப் போகிறார்.

சந்தியாகு நாற்காலியில் நிமிர்ந்தார். "எங்கள்லயும் உண்டு. பிச்சமுத்துன்னு பேர் வச்சவன்லாம் அப்படி வந்தவன்தான்." பேரனைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். "கோயிலுக்குக் குடுத்தத கோயில்லேந்து வாங்கிக்கலாம் இல்ல?"

"வாங்கலாமே ஐயா. நீங்களே வாங்குங்க."

"குடுத்தவன் வாங்குனா ஏமாத்து வேல. பங்குல இருக்கிறவன் வாங்குனாலும் கோயில் கையிலேந்து கோயில் கைக்கே போன மாதிரி. வெளியாளு வாங்கணும்." யோசித்தார். "நீ இந்து பொண்ணுதான?"

உள்ளிருந்து ஸ்டெல்லா எட்டிப் பார்த்தாள்.

பதினொரு மணிக்கு நானும் அந்தோணியும் பைக்கில் தவிடு தேடிப் போனோம். அந்த வீட்டில் மாடு இருந்தது. ஆனால் அதற்குப் பாக்கெட் தீவனம்தான். மதகடிப்பட்டுச் சாலையில் மூன்று கிலோமீட்டர் போய் ஒரு ரைஸ்மில்லைப் பிடித்தோம். ஞாயிற்றுக்கிழமை என்பதால் பாதிக் கதவுதான் திறந்திருந்தது.

"மாட்டுக்கா, கோழிக்கா?" என்றார் மில்காரர்.

"புள்ளைக்கு," என்றார் அந்தோணி.

அவர் வியக்கவே இல்லை. "அப்ப அத எடுக்காத. அதுல உமி கலந்திருக்கு," என்று சொல்லி உள்ளே போய், மாவு போல் மெல்லிய தவிடாக அள்ளி வந்தார். இரண்டு கிலோ, நாற்பது ரூபாய். அந்தோணி பணத்தை எடுத்தபோது தடுத்தேன். நான் கொடுத்தால்தானே என் தவிடு.

ஃபாதரிடம் அந்தோணிதான் பேசினார். ஃபாதர் இளவயதுக்காரர். முழுவதையும் கேட்டுவிட்டு, "உள்ள நடக்கிறது என் வேல. படிக்கு வெளிய நீங்க என்ன வியாபாரம் பண்றீங்கன்னு நான் பாக்கல," என்றார். ஆனால் பிறகு அவரும் கதவோரம் வந்து நின்று பார்த்தார்.

மாலை நான்கு மணிக்கு ஞானஸ்நானம். நான் கடைசி வரிசையில் நின்றேன். தண்ணீர் ஊற்றும்போது ஃபாதர் பெயரைச் சொன்னார். சாமுவேல். எபிரேயத்தில் அது ஷெமுவேல். கிரேக்கர்களுக்கு 'ஷ' வராததால் 'ச' ஆனது. லத்தீன் அதை அப்படியே வாங்கிக்கொண்டது, நாமும் வாங்கிக்கொண்டோம். அந்தச் சொல் முதலில் சொல்லப்பட்ட நாளில் பாகூர் ஏரி இருந்திருக்காது, வில்லியனூர்க் கோபுரம் இருந்திருக்காது, எழுதப்பட்ட தமிழ்கூட இருந்திருக்குமோ என்னவோ. இத்தனைக்கும் முந்திய ஒரு மூச்சு, நனைந்த தலையோடு வீறிட்டு அழுகிற இவன் மேல் வந்து உட்கார்ந்ததை நான் கண்ணால் பார்த்தேன்.

பிறகு வெளியே வந்தோம். கோயில் வாசற்படியில் ஒரு வெள்ளைத் துணியை விரித்துக் குழந்தையைக் கிடத்தினார்கள். ஊர்ப் பெண்கள் சுற்றி நின்றார்கள். சந்தியாகு ஒதுங்கி, செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார். வயதான பெண்மணி ஒருவர் உரத்த குரலில் கேட்டார்.

"யார் புள்ள இது?"

"கோயில் புள்ள," என்றார்கள் எல்லோரும்.

நான் தவிட்டை முறத்தோடு படியில் வைத்துவிட்டு, குனிந்து குழந்தையைத் தூக்கினேன். நினைத்ததைவிடக் கனமாக இருந்தான்.

"யார் புள்ள இது?"

நான் ஒரே ஒரு வார்த்தைதான் சொல்ல வேண்டும். வகுப்பில் நாற்பது பிள்ளைகளுக்கு முன்னால் நாள் முழுக்கப் பேசுகிறவள், அங்கே எனக்கு உதடு மட்டும்தான் அசைந்தது.

"டீச்சருக்கு வெக்கம்டி," என்றாள் ஒருத்தி. "கல்யாணத்துக்கு முன்னாடியே புள்ள வந்துட்டுது, பின்ன?"

சிரிப்பு எழுந்தது. சந்தியாகு மட்டும் சிரிக்கவில்லை. கையைக் கட்டிக்கொண்டு என் வாயையே பார்த்தார். "சத்தமா சொல்லும்மா," என்றார். கெஞ்சுகிற குரல் அது.

"என் புள்ள," என்றேன்.

"வித்தாச்சு," என்றார் அந்தப் பெண்மணி.

நான் நடந்து போய் ஸ்டெல்லாவின் கையில் கொடுத்தேன். சொல்லிக்கொடுத்தபடி, "என் புள்ளைய வளத்துக்குடு," என்றேன். அவள் வாங்கவில்லை. மாமனார் பக்கம் முகத்தைக் காட்டினாள். அவர் துண்டில் கையைத் துடைத்துக்கொண்டு வந்து வாங்கினார். குழந்தை அழுகையை நிறுத்தவில்லை.

"சாமுவேலு, கத்தாதடா. வூட்டுக்குத்தான் போறோம்," என்றார்.

காலையிலிருந்து அவர் அந்தப் பெயரைச் சொன்னது அதுதான் முதல் தடவை. ஸ்டெல்லா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள்.

ஆறேகாலுக்குக் கடைசி ஷேர் ஆட்டோ. வில்லியனூரில் பேருந்து மாறிப் பாகூர் வந்து சேர இருட்டிவிட்டது. எங்கள் ஊரில் நட்சத்திரம் தொங்கவில்லை, கோலத்தின் நடுவில் பூசணிப்பூ செருகிய சாணி உருண்டை காய்ந்து கிடந்தது. காலையில் கிளம்பியபோது எனக்குத் தெரிந்ததை அவர்களுக்குக் கொடுக்கப் போவதாக நினைத்திருந்தேன். கொடுத்தேன், அதில் பாதி அவர்களுக்குத் தேவைப்படவில்லை. அந்தப் பெயரோ தன் வழியில் போய்க்கொண்டிருக்கிறது. அது கடந்த ஊர்களில் ஒன்றில் நானும் ஒரு நாள் நின்றேன், அவ்வளவுதான்.

அப்பா சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நடந்ததைச் சொன்னேன். கையைத் தட்டிலேயே வைத்துக்கொண்டு கேட்டார்.

"எவ்ளோ தவுடு?"

"ஒரு முறம்."

"உமி இல்லாம?"

"இல்லாமதான்."

திருப்தியாகத் தலையாட்டினார். "அப்ப எனக்குப் பேரன். இன்னா பேரு சொன்ன?"

"சாமுவேல்."

"சாமுவேலு," என்று சொல்லிப் பார்த்துக்கொண்டார். பிறகு உள்ளே திரும்பி அம்மாவைக் கூப்பிட்டார். "பொங்கலுக்குத் துணி எடுக்கிறப்ப சின்னதா ஒரு சட்ட சேத்துக்க. வில்லியனூர்ல நம்ம புள்ள ஒண்ணு இருக்குது."