காளியாயியின் பன்னிரண்டு ரூபாய்

நானுஓயாவுக்கு மேலே இருந்த தேயிலைத் தோட்டத்தில், மாயாண்டிக் கங்காணிக்குக் கொழுந்தியாள் மகள் காளியாயி. பதினாறு வயதில் ஆண்டியப்பனுக்குக் கட்டிக் கொடுத்தார்கள். தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டிக் கழிப்பதில் அவனை மிஞ்ச ஆள் இல்லை. கையில் மட்டும் காசு நிற்காது.

ஐம்பத்தைந்தாம் வருஷம் அவன் கீழ் டிவிசனில் வேறொருத்தியோடு குடும்பம் நடத்தப் போய்விட்டான். காளியாயியும் மூன்று வயது மகளும் லயத்து வரிசை அறை ஒன்றில் தனியே கிடந்தார்கள். போனவன் சம்பள நாளில் மட்டும் தவறாமல் வந்தான். பெண்சாதி சம்பளத்தைப் புருஷன்தான் சம்பள மேசையில் வாங்குவது அந்தத் தோட்டத்து வழக்கம். அவள் அம்மா சம்பளத்தை அப்பன் வாங்கினான், மாமியார் சம்பளத்தை மாமனார் வாங்கினார். அதைக் கேட்கலாம் என்றே காளியாயிக்குத் தோன்றவில்லை. தோட்டம் கொடுத்த அரிசிதான் வீட்டுக்கு வந்தது. அதற்கும் அவள் சம்பளத்தில்தான் பிடித்தம்.

பக்கத்து அறை பேச்சியம்மா சொல்லித்தான் ஜீவனாம்சம் கேட்டுக் கோர்ட்டுக்குப் போனாள். மாதம் இருபதாம் தேதி ஆண்டியப்பன் கோர்ட்டில் பன்னிரண்டு ரூபாய் கட்ட வேண்டும் என்று நுவரெலியா நீதவான் கட்டளை போட்டார். நான்கு மாதம் அவன் கட்டவில்லை. கோர்ட்டை அவமதித்தான் என்று பிடியாணை போயிற்று. விசாரணை அன்று ஆண்டியப்பன் மடியை அவிழ்த்து நாற்பத்தெட்டு ரூபாயை வைத்தான்.

"முழுக் காசும் வந்துவிட்டதா?" என்று நீதவான் கேட்டதை மொழிபெயர்ப்பவர் தமிழில் சொன்னார்.

"வந்திருச்சுங்க ஐயா. ஆனா அது என் சம்பளமுங்க. மாசாமாசம் இவருதான் வாங்கிக்கிறாரு," என்றாள் காளியாயி.

சம்பளப் பேச்சு இந்த வழக்கில் இல்லை, தோட்டத்தில் போய்க் கேள், கட்டளைப்படி பணம் வந்தாயிற்று என்றார் நீதவான்.

படியிறங்கும்போது ஆண்டியப்பன் சிரித்தான். "என்னா புள்ள, கோட்டுக்கு இழுத்து என்னாத்த கண்ட? ஒன் காச ஒனக்கே குடுத்துட்டேன், எண்ணிக்க."

சம்பளத்தைத் தன் கையில் தரச் சொல்லிக் கணக்கப்பிள்ளையிடம் போனாள். "அவன் எழுதிக் குடுத்தா மாத்துறேன். ஒங்க சண்டைய மேசைக்குக் கொண்டாராத," என்று அவர் அனுப்பிவிட்டார்.

மறுமாதம் ஆண்டியப்பன் அவள் சம்பளம் இருபத்தேழு ரூபாயை வாங்கி அதில் பன்னிரண்டைக் கட்டினான். அதற்கடுத்த மாதம் காளியாயி கொழுந்து பறிக்கவே போகவில்லை.

"அடியே, பேரு போடாம என்னாத்தடி திம்பே?" என்றாள் பேச்சியம்மா. ஒரு நாள் வேலைக்கு ஒரு பேர் என்பது தோட்டத்துக் கணக்கு.

"பேரு விழுந்தாத்தானே அவரு வாங்குவாரு? வாங்காட்டி கட்ட முடியாது. கட்டாட்டி உள்ள போகட்டும்."

பேர் இல்லையென்றால் அரிசியும் இல்லை. கீரையும் பேச்சியம்மா கொடுத்த ரொட்டியுமாக ஒரு மாதம் ஓடியது. மகளுக்கு இருமல் கண்டது. வேலைக்கு வராதவள் காம்பரா அறையைக் காலி செய்யட்டும் என்று தோட்டத்து மேனேஜர் தொரையிடமிருந்து ஆள் வந்தது. பத்தாம் தேதி சம்பள மேசையில் காளியாயி பெயருக்கு ஒன்றுமில்லை என்று கணக்கப்பிள்ளை கைவிரித்தார். தன் சம்பளம் கடைக் கடனுக்கே போய்விட, ஆண்டியப்பன் வெறுங்கையோடு போனான். மறுநாளே அவள் கூடையை எடுத்துக்கொண்டு மலைக்குப் போனாள்.

இருபதாம் தேதி கட்டக் காசில்லாமல் கோர்ட்டில் நின்ற அவனுக்கு ஒரு மாதம் சிறை கிடைத்தது. போலீஸ்காரர் கூட்டிப் போகும்போது, "புள்ளைக்கு இருமலாமே? பாத்துக்க," என்றான். அவனை அங்கே கொண்டுபோய் நிறுத்தியதே அவள்தான். அன்றிரவு அவளால் சாப்பிட முடியவில்லை.

அடுத்த பத்தாம் தேதி ஆம்பளைகள் வரிசையில் அவளும் நின்றாள். "புருசன் எங்க?" என்று கேட்ட கணக்கப்பிள்ளை, ஞாபகம் வந்து காசை எண்ணினார். இருபது பேருக்கு அரிசி பிடித்தம் போக இருபத்துநாலு ரூபாய். நானுஓயா நஜீம் முதலாளி கடையில் மகளுக்குக் கம்பளி வாங்கினாள். மீதியை அரிசிப் பானைக்குள் வைத்து இரண்டு மூன்று தடவை எடுத்துப் பார்த்தாள்.

அது கழிந்து பத்து நாளில் ஆண்டியப்பன் தண்டனை முடிந்து வந்துவிட்டான். சிறையில் என்ன பட்டானோ, இளைத்துப்போயிருந்தான். அடுத்த சம்பள நாளில் பழையபடி மேசைக்கு முன்னால் நின்றான். கணக்கப்பிள்ளையும் பழையபடியே கொடுத்தார். மறுபடி ஒரு மாதம் பட்டினி கிடக்க மகளுக்கு உடம்பு தாங்காது. காளியாயி தினமும் கொழுந்து பறித்தாள்.

அதற்குப் பிறகு இருபதாம் தேதி ஒன்றுகூடத் தவறவில்லை. அவள் சம்பளத்திலிருந்தே பன்னிரண்டு ரூபாயைக் கோர்ட்டில் கட்டிவிட்டு அவன் போய்விடுவான். அதை வாங்க ஒரு நாள் பேரை விட்டு, பஸ் காசும் கொடுத்து, நுவரெலியாவுக்கு அவள் போய்வந்தாள்.