விழுந்தவருக்குக் கைதட்டியவர்கள்

கையில் பந்தை வைத்துக்கொண்டு, தலையால் ஆளையாள் முட்டி விழுத்துகிற விளையாட்டுக்கு ஃபுட்போல் என்று பெயர் வைத்தவர்கள் மேல் எனக்கு ஒருநாளும் மரியாதை இருந்ததில்லை. ஆனால் அந்த விளையாட்டில் பேரெடுத்த ஒருவரைப் பராமரிக்கும் வேலைதான் எனக்கு, மொன்றியலுக்கு ஆற்றின் அக்கரையிலுள்ள லொங்குய்யில் கிடைத்தது. காலையில் போய் அவரைக் குளிப்பாட்டி, உடுப்பு மாற்றி, சாப்பாடு கொடுத்து, அவருடைய மனைவி வேலை முடிந்து வரும் வரை கூட இருக்க வேண்டும்.

அவர் அமெரிக்காவின் தெற்குப் பக்கத்துச் சிறிய ஊர் ஒன்றில் பிறந்தவர். அங்குள்ள பெரிய அணிகள் எடுக்காமல் விட்டதால் கனடாவுக்கு, மொன்றியல் அணிக்கு வந்தார். எதிரணியில் பந்து எறிபவரை ஓடிப்போய் விழுத்துவது அவருடைய பொறுப்பு. அதில் அவரை மிஞ்ச ஆளில்லையாம். முழங்கால்கள் இரண்டும் பழுதாகி ஓய்வு பெற்றதும், கார் விற்கும் கடை ஒன்று விளம்பரத்துக்கு அவரைப் பிடித்துக்கொண்டது. சனம் அவரை மறக்கத் தொடங்கவே கடையும் கைவிட்டது. அதற்குப் பிறகு அவரே எல்லாவற்றையும் மறக்கத் தொடங்கினார். தலையில் பட்ட அடிகள்தான் காரணம் என்று வைத்தியர்கள் சொன்னார்கள். வயது போனால் அப்படித்தான் என்று அணிக்காரர் சொன்னார்கள். அவருக்கு அப்போது அறுபதுகூட ஆகவில்லை.

ஒரு கதை மட்டும் அவருக்கு மறக்கவில்லை. ஒரு ஆட்டத்தில் மயங்கி விழுந்து, கண் விழித்ததும் எந்த ஊரில் நிற்கிறோம் என்று தெரியாமலே திரும்ப ஓடிப்போய் விளையாடினாராம். சொல்லிவிட்டுச் சிரிப்பார். அந்த நிலையில் ஒரு மாட்டைக்கூட வண்டியில் பூட்ட மாட்டார்கள். இவரை உள்ளே அனுப்பியவர்கள் அதற்கு வீரம் என்று பெயர் சூட்டியிருந்தார்கள்.

போன கோடையில் அணியிலிருந்து நல்ல கோட் போட்ட ஒரு இளைஞன் வந்தான். ஆட்டத்தின் இடைவேளையில் பழைய வீரரைக் கௌரவிக்கப் போகிறார்களாம். அவருக்குச் சத்தம் ஒத்துக்கொள்ளாது என்று மனைவி பிரெஞ்சில் எவ்வளவோ விளங்கப்படுத்தினார். இரண்டு நிமிஷம் கையசைத்தால் போதும் என்று அவன் பல்லைக் காட்டினான். கடைசியில், நானும் கூட வருவதென்றால் சரி என்று மனைவி சம்மதித்தார். என் கணவர் பெரிய ஆளைப் பார்க்கும் ஆசையில் தானே எங்களைக் காரில் ஏற்றிக்கொண்டு போனார்.

மைதானத்தின் நடுவில் அவரை நிறுத்தி, படம் எடுப்பதற்காக ஒரு தலைக்கவசத்தையும் மாட்டிவிட்டார்கள். அது தலையில் ஏறியதும் அவருடைய முகம் மாறியதை நான் ஓரத்தில் நின்று பார்த்தேன். அந்த நேரம் பார்த்து, கரடி வேஷம் போட்ட ஒருவன் சனத்தைச் சிரிக்க வைப்பதற்காக அவரை நோக்கி ஓடி வந்தான். ஆட்டம் தொடங்கும்போது அந்தக் காலத்தில் நின்ற மாதிரியே இவர் குனிந்து ஒரு கையை நிலத்தில் ஊன்றினார். அடுத்த கணம் முழுப் பலத்தோடும் பாய்ந்து அவனை விழுத்தி, தானும் முகம் குப்புற விழுந்தார்.

சனம் எழுந்து நின்று ஆரவாரித்தது. இதுவும் ஏற்பாடு செய்த வேடிக்கை என்று நினைத்தார்களாக்கும். நானும் அவருடைய மனைவியும் ஓடிப்போய்க் கவசத்தைக் கழற்றினோம். அவருக்கு மூக்கால் இரத்தம் வந்தது. சின்னப் பிள்ளை மாதிரி நடுங்கினார். அந்தக் கோட்காரன் எங்களுக்குப் பின்னால் நின்று பெருவிரலை உயர்த்திக் காட்டிக்கொண்டிருந்தான்.

அவர்களை வீட்டில் இறக்கிவிட்டுத் திரும்பும்போது என் கணவர், "இந்த வயசிலயும் என்ன பாய்ச்சல், பாத்தனீரே?" என்றார்.

"அந்தாள் பயத்தில பாய்ஞ்சது. அதுக்கு நீங்களும் கைதட்டினனீங்களோ?"

"எல்லாரும் தட்டிச்சினம், நானும் தட்டினன்."



இந்த வருஷமும் அதே இளைஞன் தொலைபேசியில் கூப்பிட்டான். போன முறை சனத்துக்கு நன்றாகப் பிடித்ததாம், திரும்பவும் அழைத்து வர முடியுமா என்று கேட்டானாம். நான் பக்கத்தில் பழைய வீரருக்குச் சூப் பருக்கிக்கொண்டிருந்தேன். கரடி உடுப்பை நீ போட்டுக்கொண்டு நிற்பதென்றால் கட்டாயம் கூட்டி வருகிறேன் என்று மனைவி நிதானமாகச் சொல்லிவிட்டுத் தொலைபேசியை வைத்தார். பிறகு வந்து என் கையிலிருந்த கரண்டியை வாங்கி, மிச்ச சூப்பைத் தானே பருக்கினார்.