கம்பியை அவுருங்க, அண்ணாச்சி

சவூதியின் ஜுபைலில் தை மாதக் காலைகளில் வாடைக்காற்று எலும்பு வரைக்கும் போகும். அந்தக் குளிரில்தான் எங்களுக்கு ஜெட்டிங் டூட்டி. ஆலையிலிருந்து கழற்றிப் போட்ட குழாய்களில் இறுகிக் கிடக்கும் கரியை, பம்பிலிருந்து சீறிவரும் தண்ணீரால் அடித்து எடுக்க வேண்டும். பம்பு என் பொறுப்பு. தண்ணீர்த் துப்பாக்கி நாங்குநேரிக்காரரான ஓர் அண்ணாச்சியின் கையில்.

அந்தத் தண்ணீர் பூட்ஸை அறுக்கும், உள்ளே இருக்கும் காலையும் அறுக்கும். விசையை அழுத்தினால் பாயும், விட்டால் நின்றுவிடும். எங்களுக்கு அதுதான் காவல். ஆனால் குளிரில் விரல் மரத்துவிடும் என்று, விசையை அழுத்திக் கட்டுக்கம்பியால் சுற்றிவிடுவது கேம்பில் வழக்கமாகியிருந்தது. அன்று அண்ணாச்சியும் சுற்றினார். நான் பம்பை அணைத்தேன்.

"ஏல, எதுக்கு அமத்துன?"

"கம்பியை அவுருங்க, அண்ணாச்சி."

"வந்துட்டாருய்யா டிப்ளமா! கை வெறைக்கி. நீ சூடா எஞ்சின் பக்கத்துல நிக்க, உனக்கென்ன?"

அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. அதற்குள் என்ன ஆச்சு, சீக்கிரம் ஆகட்டும் என்று ஃபோர்மேன் கத்திக்கொண்டே ஓடிவந்தார். "க்யா ஹுவா பாய்? யல்லா, ஜல்தி!"

"கம்பி ஹை, பம்ப் மாஃபி," என்றேன்; கம்பி இருந்தால் பம்பு ஓடாது. எங்கள் வீட்டில் பள்ளிக்கூட வாசலை மிதித்த முதல் ஆள் நான். விசையைக் கட்டாதே என்று பம்பில் ஒட்டியிருந்த எச்சரிக்கையைப் படித்துவிட்டுப் படிக்காதவன் மாதிரி நிற்க எனக்கு வராது.

வேலையை நிறுத்தாமல் ஒரு வழி சொன்னேன். துப்பாக்கியை நாங்கள் இருவரும் முறை மாற்றிப் பிடிப்போம். பம்பைப் பார்க்கிறவர் மாற்றுக் கையுறையை எஞ்சின் மூடிமேல் காயப்போடட்டும். ஃபோர்மேன் தலையாட்டினார். அண்ணாச்சி முணுமுணுத்துக்கொண்டே கம்பியைப் பிரித்தார்.

அவர் முறை திரும்ப வந்தபோது, தரையில் வழிந்திருந்த கரிச்சேற்றில் கால் வழுக்கியது. மல்லாந்து விழுந்தார். கையை விட்டுப் பறந்த துப்பாக்கி, அவர் முழங்காலுக்குப் பக்கத்தில் வந்து விழுந்தது. அதிலிருந்து சொட்டுச் சொட்டாகத்தான் தண்ணீர் வந்தது.

பம்பை அணைத்துவிட்டு ஓடினேன். அண்ணாச்சி காலை நீட்டி மடக்கிப் பார்த்தார். துப்பாக்கியையும் பார்த்தார்.

"குண்டிதாம்ல வலிக்கி," என்றார். எழுந்து போய் எஞ்சின்மேல் இருந்த சூடான கையுறையை எடுத்து என்மேல் எறிந்தார். "ம், இப்ப நீ பிடி. கம்பி கிம்பி சுத்துன, பம்ப அமத்திருவேன் பாத்துக்கோ."