போடியார் வீட்டுச் செட்

பிற்காலத்தில் இந்திய ஸ்டூடியோக்களில் அரண்மனை, ஜெயில், கோயில் என்று எத்தனையோ செட் போட்டேன். முதற் செட் மட்டும் ஊரில், செட்டிபாளையத்து வாவிக்கரையில். உலக யுத்தம் முடிந்த கையோடு இந்தியாவிலிருந்து வந்த ஒரு படக்கொம்பனியின் செட் மாஸ்டர், பாதியில் பள்ளிக்கூடத்தை விட்டு நாடகத்திரைக்குப் படம் கீறிக்கொண்டிருந்த என்னை உதவிக்கு எடுத்தார். தச்சுவேலைக்கு மனைவியின் தம்பியைச் சேர்த்துவிட்டேன்.

படத்தில் வரும் ஊர் வயலுக்கெல்லாம் சொந்தக்காரரான பணக்காரப் போடியாரின் வீடு அது. தென்னங்கிடுகாலும் பலகையாலும் நிமிர்த்திவிட்டோம். உள்ளே வைக்கப் பெரிய வீட்டுச் சாமான் வேண்டும். மாமியிடம் முதிரை மரப் பெட்டகம் ஒன்று இருந்தது. இளைய மகளின் சீதனத்துக்கென்று வைத்திருந்தார். தயங்கித் தயங்கிக் கேட்டேன்.

"கொண்டு போங்க மருமகன். கீறல் விழாமப் பாருங்க" என்றார்.

அன்றிலிருந்து எனக்கு நித்திரை இல்லை. மழை பெய்தால்? விளக்குச் சரிந்தால்? செட்டின் மூலைகளில் தண்ணீர்க் குடங்களை நிரப்பி வைத்தேன்.

மச்சான் சிரிப்பான். "குடத்துக்க மீனையும் விடுங்க அத்தான். பயம் போனாப் பிறகு ஆக்கித் தின்னலாம்."

ஒருநாள் காலை அவனே அந்தக் குடங்களை வெளியே தூக்கிக்கொண்டிருந்தான். "படத்தில தெரியுதாம், மாஸ்டர் எடுக்கச் சொன்னார். நாளைக்குக் கல்யாணச் சீன். காத்தான்குடிக்குப் போய்ப் பன்புல்லுப் பாய் வாங்கி வாங்க. உங்களுக்குத்தான் பாய் பாக்கத் தெரியும்."

அந்தப் புகழ்ச்சியில் போய்விட்டேன்.

பின்னேரம் பாய்களோடு மாட்டுவண்டியில் திரும்புகையில் வாவிப்பக்கம் புகை எழுந்தது. யாரோ மட்டை எரிக்கிறார்கள் என்றார் வண்டிக்காரர். கிட்டப் போனால் போடியார் வீடு எரிகிறது. ஒருவரும் அணைக்கவில்லை. கமரா சுற்றிக்கொண்டிருந்தது. உள்ளே பாய்ந்த என்னை இரண்டு பேர் அமுக்கிப் பிடித்தார்கள்.

"பிரமாதம்ப்பா!" என்று மாஸ்டர் என் தோளில் தட்டினார். "அந்தப் பெட்டி எரியறது எவ்வளவு நிஜமா இருக்கு பாரு."

மச்சானின் சட்டையைப் பிடித்தேன். "உனக்குத் தெரியுமாடா?"

"ஓம், முதல்லயே தெரியும். உங்களுக்குச் சொன்னா வேலை நடக்காது எண்டார் மாஸ்டர். சும்மாவே பயந்து சாகிற ஆள் நீங்க."

"அது உன்ர அம்மாட பெட்டகம்டா!"

"உங்களிட்டத்தானே தந்தவ?"

வீட்டுக்குப் போய், எரிந்துவிட்டது என்று மாமியிடம் சொன்னேன். அவர் மகனைப் பார்த்தார். "நீயும் அங்கதானே நிண்டாய்?"

"அத்தான்தானம்மா பொறுப்பு. நெருப்புப் பிடிக்கக்குள்ள அவர் காத்தான்குடியில பாய் பாத்துக்கொண்டு நிண்டவர்."

என்னை அனுப்பியதே அவன்தான் என்றேன். குடங்களை எடுத்ததையும் சொன்னேன். மாமி முழுவதையும் கேட்டார்.

"பெத்த தாயிர பெட்டகத்தை எந்தப் பிள்ளை எரிக்கும் மருமகன்?"

அதன் பிறகு அவர் எனக்குச் சொல்ல வேண்டியதையெல்லாம் என் மனைவியிடமே சொன்னார். மாஸ்டரோடு நான் இந்தியாவுக்குப் புறப்பட்ட அன்றும் அப்படித்தான்.