ஆர்ஜென்டினாப் பற்றீஸ் பழகப் போன கதை

போன வருடம் ஐப்பசி மாதம், கனடாவில் மொன்றியல் நகரில் என் தங்கச்சி வீட்டில் போய் நின்றபோது நடந்தது இது. நான் யாழ்ப்பாணத்தில் வீட்டிலிருந்தபடியே கல்யாணத்துக்கும் பிறந்தநாளுக்கும், கறி வைத்து மடித்துப் பொரிக்கிற பற்றீஸ், ரோல்ஸ் செய்து கொடுக்கிறவள். இருபத்திரண்டு வருடத் தொழில். காலையில் முந்நூறு பற்றீஸ் மடித்து அடுக்கிவிட்டுத்தான் தேத்தண்ணிக்கே உட்காருவேன். இதைப் பெருமைக்குச் சொல்லவில்லை என்று எழுதத்தான் ஆசை. ஆனால் பெருமைக்குத்தான் சொல்கிறேன். அந்தப் பெருமைதான் அன்று என்னை மாட்டிவிட்டது.

தங்கச்சிக்கும் எனக்கும் எட்டு வயது வித்தியாசம். அவள் கலியாணம் கட்டிக் கனடாவுக்குப் போய்ப் பதினொரு வருடம். டோர்வல் விமான நிலையத்துக்குப் பக்கத்தில், விமானங்களுக்குச் சாப்பாடு கட்டுகிற இடத்தில் வேலை. வீடு கர்க்லாண்டில். நான் அங்கே போவதற்கு இரண்டு வருடத்துக்கு முன் எனக்கு மார்பில் கட்டி வந்து பெரிய ஒப்பரேஷன் நடந்தது. அந்த நேரம் அவள் வரவில்லை. கைக்குழந்தை, லீவும் இல்லை என்று போனில் அழுதாள். நானும் பரவாயில்லை என்றேன். ஆனால் பக்கத்துக் கட்டில்காரிக்கு மூன்று சகோதரிகள் மாறி மாறி வந்து சோறு தீத்தினார்கள். அதைப் பார்த்துக்கொண்டு கிடந்தவளுக்குத்தான் தெரியும் பரவாயில்லையா இல்லையா என்று.

உடம்பு தேறியதும் அவளே விசாவுக்கு எல்லாம் செய்து என்னைக் கூப்பிட்டாள். போன மறுநாளே நண்டு வாங்குவித்துக் குழம்பு வைத்தேன். சின்ன வயதில் நண்டுக்காலுக்காக என் கையைக் கடித்தவள் அவள். தட்டில் போடப் போனேன், தட்டை இழுத்துக்கொண்டாள்.

"நான் இப்ப சைவம் அக்கா. முட்டையும் இல்லை."

"எப்ப தொடக்கம்?"

"கொஞ்ச நாளாய். ஒரு நேர்த்தி."

என்ன நேர்த்தி என்று கேட்டால் சொல்லவில்லை. "முருகனிட்ட என்ன கேட்டனி, இன்னும் பெரிய வீடோ?" என்றேன். சிரித்துக்கொண்டு எழும்பிப் போய்விட்டாள். நான் விடுகிற ஆளா? ஒரு கிழமையாக, மீன் பொரித்தாலும் கருவாடு வதக்கினாலும், கனடாக்காரிக்கு என் கைச் சமையல் இனி இறங்காதாக்கும் என்று அவள் காதில் விழும்படி சொல்லிக்கொண்டே இருந்தேன். பகிடியாகத்தான் சொன்னேன். ஆனால் உள்ளுக்குள் நொந்துபோயிருந்தேன். ஆஸ்பத்திரிக்கும் வரவில்லை, இப்போது என் கையால் ஒரு வாய் சாப்பிடவும் மாட்டாள், இவள் என்னைவிட்டுத் தூரப் போய்விட்டாள் என்றே முடிவு கட்டிவிட்டேன்.

அப்படி இருக்கும்போதுதான் ஒரு நாள் லீவு எடுத்துக்கொண்டு வந்து நின்றாள். "அக்கா, நாளைக்கு உங்களை ஒரு இடத்துக்குக் கூட்டிக்கொண்டு போறன். ஆர்ஜென்டினாக்காரி ஒரு ஆள் தன்ர வீட்டில சமையல் பழக்கிறா. அவையும் பற்றீஸ் மாதிரி ஒண்டு செய்யிறவை. உங்களுக்குப் பிடிக்கும்."

பற்றீஸ்காரிக்குப் பற்றீஸ் வகுப்பா என்று எனக்குச் சிரிப்பு வந்தது. இருந்தாலும் போனேன். அவளுடைய பிள்ளையைக் காலையில் கார்டரி என்கிற குழந்தைகள் காப்பகத்தில் விட்டுவிட்டு, பஸ் பிடித்து, பிறகு மெட்ரோ பிடித்து, ஒரு பழைய மூன்று மாடி வீட்டின் வெளிப்படிகளில் ஏறிப் போய்ச் சேர்ந்தோம்.

கதவைத் திறந்தவருக்கு அறுபது வயது இருக்கும். கட்டையாக வெட்டிய நரைத்த தலை, மாவு அப்பிய கை. அந்தக் கையோடேயே என்னைக் கட்டிப்பிடித்துக் கன்னத்தில் ஒரு முத்தம். எனக்குக் கூச்சமாகப் போய்விட்டது. தங்கச்சியோடு பிரெஞ்சில் கதைத்தார், என்னோடு ஆறுதலாக, நிறுத்தி நிறுத்தி ஆங்கிலத்தில். எங்களைத் தவிர ஓர் இளம் கணவனும் மனைவியும் மட்டும் மற்ற மேசையில் நின்றார்கள்.

அவர்கள் செய்வதற்குப் பெயர் எம்பனாடா. வட்டமாகத் தட்டிய மாவில் கறியை வைத்து, பாதிநிலவாக மடித்து, ஓரத்தை மூடி வெதுப்புவது. அவர்கள் ஊரில் உள்ளே மாட்டிறைச்சிதான் வழக்கம். தங்கச்சி முன்கூட்டியே போனில் சொல்லிவைத்திருந்தபடியால் எங்கள் மேசைக்கு இரண்டு கறி. எனக்குச் சீரகமும் ஒலிவ் காயும் போட்ட கோழி, அவளுக்கு வெங்காயமும் சீஸும். மாவுக்குப் பன்றிக் கொழுப்புச் சேர்க்காமல் பட்டர் போட்டுக் குழைத்திருந்தார். மேலே பூச முட்டைக்குப் பதிலாகப் பால். பார்த்திராத ஒருத்திக்காக இவ்வளவும் செய்து வைத்திருக்கிறாரே என்று அப்போதே நினைத்தேன்.

பிறகு ஒரு விஷயம் சொன்னார். எம்பனாடா வெந்தபின் உள்ளே இருப்பது வெளியே தெரியாது. ஆகையால் ஓரத்தை வைத்துத்தான் ஆட்கள் அறிவார்கள். கோழிக்குக் கயிறு முறுக்கியதுபோல விரலால் மடிக்க வேண்டும். சீஸுக்கு முள்ளுக்கரண்டியால் அமத்தினால் போதும். இதை இரண்டு தரம் சொன்னார். நான் இரண்டு தரமும் தலையாட்டினேன்.

கயிறு முறுக்கு எனக்குக் கை வந்த கலை. ஐந்தாவதை மடிக்கும்போது அவர் வந்து என் கையைப் பிடித்துத் தூக்கி மற்ற மேசைக்குக் காட்டினார். என் ஊரில்கூட இப்படி மடிக்க ஆளில்லை என்றார். எனக்குத் தலை கால் புரியவில்லை.

அந்த நேரம் பார்த்துத் தங்கச்சிக்கு வேலையிடத்திலிருந்து போன் வந்தது. அவள் பல்கனிக்குப் போய்விட்டாள். அவள் செய்து வைத்த நாலு சீஸ் எம்பனாடாவும் முள்ளுக்கரண்டி பட்டு, சின்னப்பிள்ளை வேலைபோல நெளிந்து கிடந்தன. என் கை சும்மா இருக்குமா? அந்த நாலையும் எடுத்து, ஓரத்தை நீவி, அழகாக முறுக்கி மடித்தேன். மிச்சச் சீஸையும் அப்படியே மடித்தேன். இருபத்து நாலும் ஒரே அச்சில் வார்த்ததுபோல வந்தன. இடது பக்கம் சீஸ், வலது பக்கம் கோழி என்று ஒரே தட்டில் நெருக்கி அடுக்கி, நானே அடுப்புக்குள் தள்ளினேன். எனக்குத் தெரியும்தானே எது எந்தப் பக்கம் என்று.

எனக்குத் தெரியாதது, பாதி வெந்தபின் அந்த அம்மா தட்டை இடம்வலமாகத் திருப்பி வைத்தது. எல்லாப் பக்கமும் ஒரே மாதிரிச் சிவக்க வேண்டும் என்று அவர் எப்போதும் அப்படித்தான் செய்வாராம்.

மற்ற இருவரும் தங்களுடையதைப் பெட்டியில் போட்டுக்கொண்டு போய்விட்டார்கள். எங்கள் தட்டு மேசைக்கு வந்ததும் தங்கச்சி உட்கார்ந்து பார்த்தாள்.

"எங்க என்ர கரண்டி அடையாளம்?"

"அதெல்லாம் அழிச்சு வடிவாய் மடிச்சிட்டன். இந்தப் பக்கம் முழுக்கச் சீஸ். பயப்பிடாமல் எடு."

எடுத்தாள். என்னை ஒரு கேள்வி கேட்கவில்லை. சூடாக இருந்ததால் ஊதிக்கொண்டிருந்தாள். நான் வலப்பக்கத்தில் ஒன்றை எடுத்துக் கடித்தேன். சீஸ் நூல் நூலாக இழுபட்டது.

உண்மையைச் சொல்கிறேன். உடனே நான் அவளைத் தடுக்கவில்லை. இரண்டு நொடி யோசித்தேன். இப்போதுதான் என் கையைத் தூக்கிக் காட்டிய மனுசிக்கு முன்னால் என் மடைத்தனத்தை எப்படிச் சொல்வது? அவளுடையதும் சீஸாக இருக்கக்கூடாதா? இரண்டு நொடிதான். ஆனால் யோசித்தேன். பிறகுதான் அவள் வாய்க்குக் கிட்டே கொண்டுபோன கையைத் தட்டிவிட்டேன். எம்பனாடா மேசையில் விழுந்து உடைந்தது. கோழியும் ஒலிவ் காயும் சிதறின.

தங்கச்சி மேசையைவிட்டு எழும்பினாள். திட்டியிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். "பரவாயில்லை அக்கா, வீட்ட போய்ச் சாப்பிடுறன்" என்று மட்டும் சொன்னாள். மற்றவற்றைப் பிய்த்துப் பார்ப்போம் என்றேன். நெருக்கி அடுக்கியதில் கோழிச்சாறு ஓடி எல்லாவற்றிலும் பட்டிருந்தது. ஒன்றுமே அவளுக்கு ஆகாது.

ஆர்ஜென்டினா அம்மா ஓடிவந்து என்ன நடந்தது என்று கேட்டார். நான் எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில், நீங்கள் சொன்னதைக் கேட்காமல் எல்லாவற்றையும் ஒரே மாதிரி மடித்துவிட்டேன், பிழை என்னுடையது என்றேன். அவர் தங்கச்சியிடம் பிரெஞ்சில் ஏதோ கேட்டார். அவள் தலையைக் குனிந்தபடி பதில் சொன்னாள். நாலைந்து வசனம் இருக்கும். அவர் மெல்லத் திரும்பி என்னைப் பார்த்தார். கண் கலங்கியிருந்தது. எனக்கு ஒன்றும் விளங்கவில்லை.

பிறகு அவர் வேலையில் இறங்கினார். பலகையைச் சவர்க்காரம் போட்டுக் கழுவினார். வேறு கத்தி, வேறு தட்டு எடுத்தார். மிச்ச மாவைக் குளிர்ப்பெட்டியிலிருந்து எடுத்து வைத்துவிட்டு, புதிதாக வெங்காயம் வெட்டத் தொடங்கினார். வகுப்பு நேரம் எப்போதோ முடிந்துவிட்டது. வேண்டாம் என்று தங்கச்சி மறித்தும் கேட்கவில்லை. வெட்டிக்கொண்டே என்னிடம் சொன்னார், தான் சின்னப்பிள்ளையாக இருந்தபோது காய்ச்சலில் சாகக் கிடந்ததாகவும், தன் தாயார் மாதாவுக்கு நேர்ந்துகொண்டு, தான் எழும்பியபின் ஒரு முழுநாள் கோயில்வரை நடந்தே போனதாகவும். தாயின் கால் கொப்புளங்களுக்கு மருந்து போட்டது இப்போதும் நினைவிருக்கிறதாம்.

இதை ஏன் எனக்குச் சொல்கிறார்? தங்கச்சியைப் பார்த்தேன்.

"என்னடி சொன்னனி அவவுக்கு?"

அவள் மேசையைத் துடைத்துக்கொண்டே சொன்னாள். "உங்கட ஒப்பரேஷன் அண்டு வைச்ச நேர்த்தி இது. என்னால வர ஏலேல்லை. நீங்கள் சுகமாகி, இஞ்ச வந்து, என்னோட சேர்ந்து முருகன் கோயிலில நிக்குமட்டும் மீன் இறைச்சி, மச்சம் ஒண்டும் தொடமாட்டன் எண்டு. ஞாயிற்றுக்கிழமை அருச்சனைக்குச் சொல்லியிருக்கிறன். அதோட முடியுது."

"இதை ஏன்ரி எனக்குச் சொல்லேல்லை?"

"சொன்னால் எனக்காண்டி ஏன் பட்டினி கிடக்கிறாய் எண்டு ஏசியிருப்பீங்கள். விட்டிருக்க மாட்டீங்கள்."

உண்மைதான். விட்டிருக்க மாட்டேன். இரண்டு வருடம். அத்தனை நாளும் விமானத்தில் போகிறவர்களுக்கு இறைச்சியும் மீனும் கட்டி அனுப்பிவிட்டு, இவள் தயிர்ச்சாதப் பெட்டியைத் திறந்து உட்கார்ந்திருக்கிறாள். நான் ஒரு கிழமையாக அவளைக் குத்திக் குத்திப் பேசியிருக்கிறேன். பற்றாக்குறைக்கு, முடிய மூன்று நாள் இருக்கும்போது என் கையாலேயே அதைக் கெடுக்கப் பார்த்திருக்கிறேன். நான் முகத்தை மூடிக்கொண்டு அழுதேன். ஒப்பரேஷன் நேரம்கூட நான் அப்படி அழவில்லை.

அந்த அம்மா வந்து என் இரண்டு கையையும் பைப்பில் பிடித்துக் கழுவிவிட்டார், பிள்ளைக்குக் கழுவுவதுபோல. பிறகு மாவையும் முள்ளுக்கரண்டியையும் எனக்கு முன்னால் வைத்துவிட்டு அப்பால் போனார். ஆறு செய்தேன். அழுத கண்ணுக்கு மாவின் ஓரம் தெரியாமல் ஒன்றுகூட நேராக வரவில்லை. அவ்வளவு வடிவில்லாத பற்றீஸை என் வாழ்நாளில் செய்ததில்லை. வெந்து வந்ததும் தங்கச்சி முதலாவதைப் பிட்டு, வாயைத் திறந்தபடி என்னைப் பார்த்தாள். தீத்திவிட்டேன். ஆறையும் சாப்பிட்டாள்.

திரும்பும்போது மெட்ரோவில் அவள் என் தோளில் சாய்ந்து நித்திரையாகிவிட்டாள். எங்கள் நிறுத்தம் வரும்வரை நான் அசையவில்லை.

இப்போது யாழ்ப்பாணம் திரும்பி, பழையபடி மாவும் கையுமாக இருக்கிறேன். வீட்டுக்கு வருகிறவர்கள் யாராவது தட்டை நகர்த்தி வேண்டாம் என்றால் நான் கோபிப்பதில்லை, ஏன் என்று துருவிக் கேட்பதுமில்லை. யாரோ ஒருவருடைய உயிருக்காகத்தான் அவர் வேண்டாம் என்கிறாரோ, அந்த ஒருவருக்கே அது தெரியாதோ, எனக்கு என்ன தெரியும்.