சாவுப் பக்கத்தில் பாடிய பியானோக்காரர்

ஆம்ப்ளிபயர் சூடேறினால் கருகிய தூசியும் ரப்பரும் கலந்த ஒரு வாசனை வரும். மானாம்பதிக்குப் பக்கத்தில் இருந்த எங்கள் ஊரின் கல்யாணங்களையும் சாவுகளையும் நான் அந்த வாசனையோடு சேர்த்தேதான் ஞாபகம் வைத்திருக்கிறேன். நைனா ‘ரேடியோ செட்டு’ வாடகைக்கு விடுபவர். அவருடைய டேப் ரெக்கார்டரில் கேசட் போட இரண்டு இடங்கள் உண்டு. அதில் ஒன்றின் ரப்பர் தளர்ந்துபோய், எந்தப் பாட்டைப் போட்டாலும் இழுத்து இழுத்துத்தான் ஓடும். நைனா அதைச் சரிசெய்யவில்லை. நன்றாக ஓடுவதற்குக் ‘கல்யாணப் பக்கம்’ என்றும் இழுப்பதற்குச் ‘சாவுப் பக்கம்’ என்றும் பேர் வைத்து, துக்கப் பாட்டுகளை மட்டும் அதில் போட்டுவந்தார். "சாவு வூட்டுல எவன் வேகத்தப் பாத்துக்கினு கீறான்?" என்பார்.

செங்கல்பட்டில் மூடப்போகிற ஒரு கடையிலிருந்து அவர் ஒரு பை நிறைய கேசட் அள்ளிவந்தபோது, அதில் வெளிநாட்டுக் கேசட் ஒன்றும் கிடந்தது. அட்டையில் தொப்பி வைத்த கிழவர் ஒருவர் பியானோவின் முன்னால் கண்ணை மூடி, வாயைக் கோணிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நைனா உடனே தீர்ப்புச் சொல்லிவிட்டார். "அயுவுறான் பாரு. இது சாவு வூட்டுப் பாட்டுதான்."

அதற்கப்புறம் எங்கள் ஊரில் யார் கண்ணை மூடினாலும் அந்தக் கிழவர்தான் பாடினார். பாஷை புரியாதது யாருக்கும் குறையாகப் படவில்லை. தடித்த குரல், யோசித்து யோசித்து விழுகிற பியானோ, ஒரு பாட்டின் நடுவே பாடுவதை நிறுத்திவிட்டு நீளமாக ஒரு விம்மல். அந்த இடத்துக்காகவே காத்திருந்தவர் போல, நைனாவின் தங்கையான என் அத்தை மார்பில் அடித்துக்கொண்டு ஒப்பாரியைத் தொடங்குவார். மற்ற பெண்கள் சேர்ந்துகொள்வார்கள். எனக்குக் குழப்பமாக இருக்கும். செத்துப்போன பக்கத்து வீட்டு அஞ்சலையைப் பார்த்தே இராத ஒருவர் அவருக்காக ஏன் இப்படி அழ வேண்டும் என்று நைனாவிடம் கேட்டேன். "அவனுக்கும் யாராவது பூட்டிருப்பாங்க," என்றவர், ஒயரைச் சுருட்டிக்கொண்டே, "நான் பூட்டாலும் இந்தாளத்தான் போடணும்," என்றார். எனக்கு அன்று சோறு இறங்கவில்லை. பிறகு அதையே ஊரில் எல்லோரிடமும் சொல்லிவைத்தார்.

போன மாதம் நைனா போய்விட்டார். செட்டு எப்போதோ பழைய இரும்புக்குப் போயிருந்தது. கேசட்டில் பூஞ்சை பிடித்து, அட்டை மட்டும்தான் மிச்சம். தம்பி அதைப் படம் பிடித்து, போனில் தேடி, அதே ஆல்பத்தைக் கண்டுபிடித்து, உத்திரமேரூரிலிருந்து வந்திருந்த ஸ்பீக்கரில் போட்டான். அமெரிக்காவில் கறுப்பர்கள் பாடுகிற ‘ப்ளூஸ்’ இசையில் பேர்பெற்ற பாடகராம், வயதான காலத்தில் ஸ்டூடியோவில் தனியாக உட்கார்ந்து பாடிய பாட்டுகளாம், படித்துச் சொன்னான். பியானோ துள்ளிக்கொண்டு கிளம்பியது. குரல் நாங்கள் கேட்டுப் பழகியதைவிட இளசாக, குஷியாக, காலால் தாளம் தட்டிக்கொண்டு வந்தது. விம்முகிற இடமும் வந்தது. அவர் விம்மவில்லை, வாய்விட்டுச் சிரித்தார்.

"இன்னாடி இது, கல்யாணப் பாட்டப் போட்டுக்கினு கீறீங்க? எங்கண்ணன் கேட்டதப் போடு," என்றார் அத்தை.

இதுதான் அது என்று அவரிடம் எப்படிச் சொல்வது? நைனா கேட்டது அந்த மனிதரையா, எங்கள் செட்டு அவரை ஆக்கிவைத்திருந்த கோலத்தையா என்று எனக்கு இப்போதும் விளங்கவில்லை. எங்கள் ஊர்ச் சனங்களையெல்லாம் அவர் சிரித்துக்கொண்டேதான் வழியனுப்பியிருக்கிறார் என்று தெரிந்தபோது கோபம் வந்ததா சிரிப்பு வந்ததா என்பதும் தெரியவில்லை. ஆனால் நைனா கேட்டதை அவருக்குக் கொடுக்காமல் பாடையைத் தூக்கவிட எனக்கு மனம் வரவில்லை.

தம்பியிடமிருந்து போனை வாங்கி, பாட்டின் வேகத்தைக் குறைத்து, முதலிலிருந்து போட்டேன். பாட்டு இழுத்தது, ஆனால் அந்தத் தடித்த குரல் வரவில்லை, அது தளர்ந்த ரப்பரோடு போய்விட்டது. இருந்தும் அந்த இடம் வந்ததும் அத்தை தலையை நிமிர்த்தினார், அடையாளம் கண்டுகொண்டார், "எங்கண்ணா" என்று மார்பில் அடித்துக்கொண்டார். கிழவர் சிரித்துக்கொண்டிருந்தார். அது தெரிந்தேதான் நானும் அழுதேன்.